பார்பரா ஃபிரம்: முகம் காணாமல் கேட்ட கேள்விகள்

கனடாவில் நேர்காணலை ஒரு தனிக்கலையாக வளர்த்தெடுத்தவர்களில் முதல் வரிசையில் வைத்துப் பேசப்படுபவர் பார்பரா ஃபிரம். 1970களில் வானொலியிலும் 1980களில் தொலைக்காட்சியிலுமாக ஏறத்தாழ இருபது ஆண்டுகள் கனடியரின் மாலைப் பொழுதுகளில் ஒலித்த குரல் அவருடையது. 1983க்குப் பின் ஏதிலிகளாக வந்து ரொறொன்ரோவில் குடியேறிய நம்மவரின் முதற் பனிக்காலங்களும், தொலைக்காட்சியில் அவர் கோலோச்சிய காலமும் ஒன்றே. இன்றைய தலைமுறையினர் பலருக்கு அவர் ஒரு நூலகத்தின் பெயர் மட்டுமே. அந்தப் பெயருக்குப் பின்னால் இருக்கும் வாழ்க்கை அறியத்தக்கது.

1937ஆம் ஆண்டு செப்ரெம்பர் 8ஆம் திகதி, நயாகரா நீர்வீழ்ச்சியின் அமெரிக்கக் கரையில், நியூயோர்க் மாநிலத்தைச் சேர்ந்த நயாகரா ஃபோல்ஸ் நகரில் அவர் பிறந்தார். வளர்ந்தது ஆற்றின் மறுகரையில், ஒன்ராறியோவிலுள்ள அதே பெயர் கொண்ட நகரில். யூதக் குடும்பம். தந்தையார் அந்நகரில் ஒரு பல்பொருள் அங்காடி நடத்தியவர். பார்பரா ரொறொன்ரோப் பல்கலைக்கழகத்தில் வரலாறு பயின்று 1959இல் பட்டம் பெற்றார். படிப்பு முடியுமுன்னரே, 1957இல், மறி ஃபிரம் என்பவரை மணந்தார். பல் மருத்துவராகத் தொழில் தொடங்கிப் பின்னர் கட்டட, நில வணிகத்துக்குப் போனவர் அவர். ஆபிரிக்கச் சிற்பங்களைத் தேடிச் சேர்த்தவர் என்ற வகையிலும் அறியப்பட்டவர். அச்சேகரிப்பின் முக்கிய பகுதியை இன்று ஒன்ராறியோக் கலைக்கூடத்தில் காணலாம்.

பத்திரிகைத் துறைக்குள் பார்பரா நுழைந்தது வீட்டிலிருந்தபடியே. பிள்ளைகள் சிறியவர்களாக இருந்த காலத்தில் சுயாதீன எழுத்தாளராக இதழ்களுக்குக் கட்டுரைகள் எழுதினார். வானொலிக்குச் சிறு உரைகளும் தயாரித்தார். 1960களின் பிற்பகுதியில் சி.பி.சி. எனப்படும் கனடிய ஒலிபரப்புக் கூட்டுத்தாபனத்தின் ரொறொன்ரோத் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளில் தோன்றத் தொடங்கினார். அக்காலத்தில் ஒலிபரப்பில் பெண்களுக்கு ஒதுக்கப்பட்டவை பெரும்பாலும் சமையல், குழந்தை வளர்ப்பு, நாகரிக உடை போன்ற பகுதிகளே. அரசியலும் போரும் ஆண் குரலில் சொன்னால்தான் எடுபடும் என்ற எண்ணம் நிலவியது. பார்பரா அந்த எண்ணத்தை எதிர்த்து மேடையேறிப் பேசியவர் அல்லர். வேலையைச் செய்து காட்டினார்.

1971இல் அவர் சி.பி.சி. வானொலியின் 'அஸ் இற் ஹப்பன்ஸ்' நிகழ்ச்சிக்கு வந்து சேர்ந்தார். 1968இல் தொடங்கிய அந்த நிகழ்ச்சியின் அடிப்படை எளிமையானது. உலகில் எங்கு என்ன நடந்தாலும், அதனோடு நேரடியாகத் தொடர்புடைய ஒருவரைத் தொலைபேசியில் பிடித்துப் பேசுவது. இணையமோ கைத்தொலைபேசியோ இல்லாத காலம். தொலைபேசி எண்ணைத் தேடிப் பிடிப்பதே பெரும் வேலை. உரியவர் கிடைக்காவிட்டால் அயல்வீட்டுக்காரரை, அதுவுமில்லையேல் அந்தத் தெருவில் கடை வைத்திருப்பவரை அழைக்க வேண்டும். தயாரிப்பாளர்கள் இவ்வாறு ஆளைத் தேடி இணைப்பில் நிறுத்துவார்கள். அதன்பின் எல்லாம் பார்பராவின் கையில். எதிரே முகமில்லை, கண்ணில்லை, கையசைவில்லை. கம்பி வழியே வரும் குரல் ஒன்றே அவருக்கிருந்த ஆதாரம். அந்தக் குரல் தயங்கும் இடம் எது, ஒத்திகை பார்த்த பதிலை ஒப்புவிக்கும் இடம் எது என்பதைக் காதாலேயே கண்டுபிடிக்க வேண்டியிருந்தது.

அறிவிப்பாளர்களை முகமறியாமல் குரலால் மட்டுமே அறிந்து, உறவினரைப் போல் நேசித்த இலங்கை வானொலி நேயர்களுக்கு இதன் அருமை எளிதில் விளங்கும். ஒரு வேறுபாடு உண்டு. அங்கே நேயர் மயங்கியது சொல்லும் குரலில். பார்பராவின் சிறப்போ கேட்கும் குரலில் இருந்தது. நீண்ட முன்னுரை வைத்துத் தம் அறிவைக் காட்ட அவர் முயல்வதில்லை. வீட்டில் வானொலிக்கு முன்னால் இருப்பவர் என்ன கேட்க விரும்புவாரோ அதையே, சுற்றி வளைக்காமல் கேட்பார். பதில் வராவிட்டால் மீண்டும் கேட்பார். எதிரே இருப்பவர் அமைச்சரா, மீனவரா என்பதால் தொனி மாறுவதில்லை.

1975இல் அமெரிக்க ஜனாதிபதி ஜெரால்ட் ஃபோர்ட் மீதான கொலை முயற்சியை அடுத்து, சார்ள்ஸ் மான்சன் கும்பலைச் சேர்ந்த சாண்ட்ரா குட் என்ற பெண்ணை அவர் தொலைபேசியில் நேர்கண்டார். கொலை மிரட்டலைச் சர்வசாதாரணமாகப் பேசிய ஒருவரிடம் கலங்காமல் கேள்வி தொடுத்த நேர்காணல் அது. 1979இல் ரொறொன்ரோ மேப்பிள் லீவ்ஸ் பனிச்சறுக்குக் ஹொக்கி அணியின் உரிமையாளர் ஹரோல்ட் பலார்ட், அவரைப் பெண் என்ற காரணத்துக்காகவே ஒலிபரப்பில் இழிவாகப் பேசினார். இன்று அந்தப் பதிவு நினைக்கப்படுவது பலார்டின் சிறுமைக்கான சான்றாகத்தான். அதே ஆண்டு பார்பராவுக்குக் கனடாவின் உயர் விருதான ஓர்டர் ஒஃப் கனடா கிடைத்தது.

1982 ஜனவரி 11ஆம் திகதி சி.பி.சி. தொலைக்காட்சி ஒரு துணிச்சலான முடிவை நடைமுறைக்குக் கொண்டுவந்தது. இரவு பதினொரு மணிச் செய்தி பத்து மணிக்கு மாற்றப்பட்டது. 22 நிமிடச் செய்தியைத் தொடர்ந்து 38 நிமிடங்கள் 'த ஜேர்னல்' என்ற புதிய நடப்பு விவகார நிகழ்ச்சி. அதை உருவாக்கியவர், வானொலியில் பார்பராவோடு பணியாற்றிய மார்க் ஸ்ராறோவிச். நடத்தியவர்கள் பார்பரா ஃபிரமும் மேரி லூ ஃபின்லேயும். நாட்டின் முதன்மையான நடப்பு விவகார நிகழ்ச்சியை இரு பெண்கள் நடத்துவது அன்று பெரும் செய்தி. பத்து மணிக்குப் பாதி நாடு உறங்கப் போய்விடும் என்று ஐயப்பட்டவர்கள் இருந்தார்கள். நிகழ்ச்சி பத்து ஆண்டுகளுக்கு மேல் நின்று நிலைத்தது.

'த ஜேர்னல்' நேர்காணல்களில் ஒரு தொழில்நுட்பத் தந்திரம் இருந்தது. பார்ப்பவருக்கு, பார்பரா ஒரு பெரிய திரையில் தெரியும் விருந்தினரைப் பார்த்துப் பேசுவது போலிருக்கும். உண்மையில் அவர் முன்னால் இருந்தது வெறுந்திரை. விருந்தினர் வேறு நகரிலோ வேறு நாட்டிலோ ஒரு படக்கருவியின் முன் அமர்ந்து, அவர் குரலைத் தொலைபேசியில் மட்டும் கேட்டுப் பதில் சொல்வார். இருபக்கப் பதிவுகளையும் பின்னர் இணைத்து ஒரே உரையாடலாக ஆக்குவார்கள். நேரடிச் செய்மதி இணைப்புக்குப் பெரும் பணம் தேவைப்பட்ட காலத்தில் இது சிக்கனமான வழி. நேருக்கு நேர் உரையாடல் என்ற தோற்றத்தைத் தரும் இம்முறை நேர்மையானதா என்று கேட்பதில் நியாயம் உண்டு. ஆனால் அந்தக் கண்கள் வெறுந்திரையைப் பார்த்தபோதும் செவி உண்மையான மனிதரிடம் இருந்தது. வானொலியில் பத்தாண்டுகள் முகம் காணாமல் பேசிப் பழகியவருக்கே இது கைவரும்.

அவர் புகழ் எந்த அளவுக்கு இருந்தது என்பதற்கு அவரைப் பற்றிய கேலிகளே சான்று. குழந்தைகளுக்கான 'செசமி ஸ்ட்ரீற்' நிகழ்ச்சியின் கனடியப் பதிப்பில் பார்பரா பிளம் என்றொரு பொம்மை வந்தது. நியூஃபவுண்ட்லாந்தின் 'கொட்கோ' நகைச்சுவைக் குழுவில் கிரெக் மலோன் அவரைப் போல வேடமிட்டு நடித்தார். கடுமையானவர், பக்கச்சார்பானவர் என்ற குற்றச்சாட்டுகளும் அவர்மீது எழுந்ததுண்டு. 1990இல் சிறையிலிருந்து விடுதலையான நெல்சன் மண்டேலாவை நேர்கண்டவர்களில் அவரும் ஒருவர்.

1992ஆம் ஆண்டு மார்ச் 26ஆம் திகதி ரொறொன்ரோவில் அவர் காலமானபோது வயது 54. அப்போதுதான் நாடு ஓர் உண்மையை அறிந்தது. 1974ஆம் ஆண்டிலேயே அவருக்கு இரத்தப் புற்றுநோய் கண்டறியப்பட்டிருந்தது. நெருங்கிய ஒருசிலரைத் தவிர எவருக்கும் அதைச் சொல்லாமல் பதினெட்டு ஆண்டுகள் உழைத்திருக்கிறார். வானொலிப் புகழின் பெரும்பகுதியும் 'த ஜேர்னல்' ஆண்டுகள் முழுவதும் அந்த நோயோடு வாழ்ந்தவையே.

இதில் ஒரு முரண் இருப்பதாகத் தோன்றலாம். பிறர் மறைக்க விரும்பியதைக் கேட்டுக் கேட்டு வெளிக்கொணர்ந்தவர், தம்முடையதை ஏன் மறைத்தார்? பதில் அவர் தொழிலுக்குள்ளேயே இருக்கிறது என்று நினைக்கிறேன். பதவியிலும் அதிகாரத்திலும் இருப்பவர் பொதுமக்களுக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டவர். நோயாளிக்கு அந்தக் கடமை இல்லை. நோய் வெளியே தெரிந்திருந்தால், எதிரே இருப்பவர் இரக்கத்தோடு பதில் சொல்லியிருப்பார். நேயர்களும் கேள்வியை விட்டுவிட்டுக் கேட்பவரின் உடல்நிலையைக் கவனித்திருப்பார்கள். இரக்கம் கலந்த இடத்தில் கேள்வியின் கூர் மழுங்கிவிடும். அதை அவர் விரும்பியிருக்க மாட்டார்.

அவர் மறைந்த ஆண்டிலேயே 'த ஜேர்னல்' நிகழ்ச்சியும் முடிவுக்கு வந்தது. மகன் டேவிட் ஃபிரம் அமெரிக்காவில் அரசியல் எழுத்தாளராகப் பெயர் பெற்றார். மகள் லிண்டா ஃபிரம் 2009 முதல் 2021 வரை கனடிய மேலவை உறுப்பினராக இருந்தார். தாயைப் பற்றி 1996இல் ஒரு நூலும் எழுதினார். ரொறொன்ரோ ஃபிரண்ட் வீதியிலுள்ள சி.பி.சி. தலைமையகத்தின் உயர்ந்த நடுமுற்றத்துக்கு பார்பராவின் பெயர் சூட்டப்பட்டுள்ளது. கவிங்ரன் வீதியில் உள்ள பொது நூலகக் கிளையும் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. 'அஸ் இற் ஹப்பன்ஸ்' இன்னமும் ஒலிபரப்பாகிக்கொண்டிருக்கிறது. மாலை வேளையில் அதைத் திருப்பிக் கேட்பவர், முன்பின் அறியாத ஒருவரிடம் தொலைபேசியில் மரியாதையோடும் விடாப்பிடியோடும் கேள்வி கேட்கும் ஒரு குரலைக் கேட்கலாம். அந்த வழக்கத்துக்கு இந்நாட்டில் உரம் போட்டவர் பார்பரா ஃபிரம்.