கே. பி. சுந்தராம்பாள்

கொடுமுடி பாலாம்பாள் சுந்தராம்பாள் (1908 – 1980) தமிழ் நாடக, திரைப்பட நடிகையும் பாடகியும் ஆவார். கொங்கு நாட்டில் காவிரிக்கரையிலுள்ள கொடுமுடியில் வறிய குடும்பத்தில் பிறந்தார். சிறுவயதிலேயே நாடக மேடையேறினார். உடன் நடித்த எஸ். ஜி. கிட்டப்பாவை 1927இல் மணந்தார். இருவரின் பாடல்களும் கிராமபோன் இசைத்தட்டுகளாகப் பரவின.

1933இல் கிட்டப்பா மறைந்தபின் வெள்ளாடை உடுத்தினார். ஆடவருக்கு இணையாக நடிப்பதில்லை என உறுதிபூண்டார். இதனால் 1935இல் வெளிவந்த நந்தனார் திரைப்படத்தில் ஆண் வேடமான நந்தனாராகவே நடித்தார். அதற்கு அவர் பெற்ற ஊதியம் 1 இலட்சம் ரூபாய். அக்காலத்தில் இது பெருந்தொகையாகும். கல்கி, ஆனந்த விகடனில் இப்படத்தைக் கடுமையாக விமர்சித்தார். ஆயினும் சுந்தராம்பாளின் குரலுக்கு மதிப்புக் குறையவில்லை. மணிமேகலை (1940), ஔவையார் (1953) ஆகிய படங்களில் துறவு சார்ந்த வேடங்களை ஏற்றார். துணைவன் படத்தில் பாடியதற்காக 1969ஆம் ஆண்டின் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருதும், 1970இல் பத்மஸ்ரீ விருதும் பெற்றார்.