சக்கரம் தந்த வீரர்

(இளங்கலை வரலாறு, மூன்றாமாண்டு மாணவன்)

வென்றவனுக்கு மாலை சூட்டுவது உலக வழக்கம். அந்த மாலைக்கு நார் கிழித்துக் கொடுத்தவனை எவரும் கேட்பதில்லை. அப்படி வெற்றிக்குத் துணை நின்ற ஒருவரின் வரலாற்றை இங்கே எழுத விழைகிறேன். அவர் பெயர் ரெனே வியத்தோ. பிரெஞ்சு நாட்டுச் சைக்கிள் பந்தய வீரர்.

1914ஆம் ஆண்டு தென் பிரான்சில், கான் நகரை அடுத்த ஊரில் பிறந்தார். சிறுவயதில் ஓட்டல் ஒன்றில் எடுபிடிப் பையனாக வேலை பார்த்தார். சைக்கிள் அவரை வெளியுலகுக்கு அழைத்து வந்தது.

பிரான்சைச் சுற்றி வரும் மாபெரும் பந்தயம் 1903இல் தொடங்கியது. ஒவ்வொரு அணியிலும் தலைவர் ஒருவர் உண்டு. மற்றவர்கள் அவருக்கு முன்னே சென்று எதிர்காற்றைத் தாங்க வேண்டும். அவர் சக்கரம் பழுதானால் தம் சக்கரத்தைக் கழற்றித் தர வேண்டும். மொத்த நேரத்தில் முன்னிற்பவருக்கு மஞ்சள் பனியன்.

1934இல் வியத்தோவுக்கு வயது 20. ஆல்ப்ஸ் மலைப் பகுதியில் வெற்றிமேல் வெற்றி பெற்றார். ஆனால் மஞ்சள் பனியன் அணித்தலைவர் அந்தோனான் மாஞ் தோளில் இருந்தது. பிரனீஸ் மலைச் சரிவில் மாஞ் விழுந்தார், சக்கரம் உடைந்தது. வியத்தோ தம் முன்சக்கரத்தைக் கழற்றிக் கொடுத்தார். தலைவர் பறந்து சென்றார். உதவி வண்டி வரும்வரை வியத்தோ சாலையோரக் கற்சுவரில் அமர்ந்து அழுதார். அந்தக் காட்சி புகைப்படமாகி நாடெங்கும் பரவியது.

மறுநாளும் மாஞ்சின் வண்டி பழுதாயிற்று. முன்னே சென்றுகொண்டிருந்த வியத்தோ, வந்த வழியே மேட்டில் திரும்பி ஏறித் தம் வண்டியை அவரிடம் தந்தார். மாஞ் பந்தயத்தை வென்றார். வியத்தோ ஐந்தாமிடம், மலையேற்ற வீரருக்கான பரிசு அவருடையது.

பின்னர் 1939இல் இரண்டாமிடம் பெற்றார். போரினால் பந்தயம் ஏழாண்டு நின்றது. 1947இல் 15 நாள் மஞ்சள் பனியன் அணிந்தார். 139 கிலோமீட்டர் தனியோட்டத்தில் அதையும் இழந்தார். ஒருமுறையும் அப்பந்தயத்தை வெல்லாமலே 1988இல் மறைந்தார். ஆயினும் சக்கரம் தந்த அந்த இளைஞரை மக்கள் மறக்கவில்லை.

அவர் சிரித்துக்கொண்டே கொடுத்திருந்தால் நான் இதனை எழுதியிருக்க மாட்டேன். அழுதார், ஆனாலும் கொடுத்தார். அதுவே என் நெஞ்சைத் தொட்டது.

ஆரணியில் எங்கள் வீட்டில் ஒரே தறி. தந்தையார் நோயுற்றபோது அண்ணன் பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டுத் தறியில் அமர்ந்தார். பள்ளிப் புத்தகங்களைப் பழைய பட்டுத் துணியில் சுற்றிப் பரண்மேல் வைத்த அன்றிரவு அவர் அழுததை நான் அறிவேன். மறுநாள் என்னைப் பள்ளிக்கு அனுப்பியவரும் அவரே. இன்று நான் கல்லூரிக்கு வருவது அவருடைய சைக்கிளில்.

இவ்வாண்டு பட்டம் பெற்றால் அதனை முதலில் தறிமேட்டில் கொண்டுபோய் வைப்பேன். அந்த வெற்றியில் முதற்பங்கு அவருக்கே உரியது.