இரண்டாயிரம் ரூபாய்க் கார்

விடியற்காலை நம்ம வந்தவாசி பஸ் ஸ்டாண்டு பக்கம் கம்பெனி பஸ்ஸுக்காக நிற்கிற கூட்டத்தைப் பார்த்திருப்பீர்கள். அதில் என் அண்ணனும் ஒருவன். கோரைப்பாய் நெய்த வீட்டிலிருந்து கார் கம்பெனி வேலைக்குப் போனவன். அவனைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு ஜி.டி. நாயுடு ஞாபகம் வரும். என்னடா சம்பந்தம் என்கிறீர்களா? சொல்கிறேன்.

கோவைக்குப் பக்கத்தில் கலங்கல் கிராமத்தில் 1893 மார்ச் 23-ல் பிறந்தவர் நாயுடு. பள்ளிக்கூடம் அவருக்கு ஒத்துவரவில்லை, பாதியிலேயே நின்றுவிட்டார். ஒருநாள் வெள்ளைக்கார அதிகாரி ஒருவர் மோட்டார் சைக்கிளில் ஊருக்குள் வந்தார். மாடும் இல்லை, குதிரையும் இல்லை, வண்டி மட்டும் ஓடுகிறது! வாங்கினால் இதைத்தான் வாங்குவது என்று கோவைக்குப் போய், ஓட்டலில் சர்வர் வேலை பார்த்துக் காசு சேர்த்து வாங்கியே விட்டார். வாங்கி, பிரித்துப் பிரித்து மாட்டிப் பழகினார். (நாமும்தான் லேபில் பிரிக்கிறோம். மாட்டி முடித்தால் நாலு நட்டு மிச்சம் இருக்கும்!)

1920-ல் ஸ்டேன்ஸ் துரையின் உதவியோடு ஒரு பஸ் வாங்கி, பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் இடையே ஓட்டினார். அதுதான் யு.எம்.எஸ். என்ற பெரிய பஸ் கம்பெனியாக வளர்ந்தது. 1937-ல் பாலசுந்தரம் நாயுடுவோடு சேர்ந்து இந்தியாவிலேயே முதல் மின்மோட்டாரைச் செய்தார். 1945-ல் கோவையில் ஆர்தர் ஹோப் பெயரில் பாலிடெக்னிக்கும் பொறியியல் கல்லூரியும் தொடங்கியவரும் அவரே. நாலு வருஷப் படிப்பைச் சுருக்கிச் சீக்கிரம் முடிக்கலாம் என்றார். அரசு ஒப்பவில்லை. விலகிக்கொண்டார்.

அரசோடு அடுத்த உரசல் காரில். 1952-ல் இரண்டு பேர் போகும் பெட்ரோல் கார் ஒன்றை உருவாக்கினார். விலை சுமார் 2,000 ரூபாய். மாதச் சம்பளக்காரனும் ஆசைப்படக்கூடிய விலை! ஆனால் 1951 தொழில் சட்டப்படி உரிமம் இல்லாமல் தொழிற்சாலை நடத்த முடியாது. உரிமம் கிடைக்கவில்லை. கார் அத்தோடு நின்றது.

அரசின் பக்கமும் நியாயம் இல்லாமல் இல்லை. அன்று கார் வாங்குகிறவர்கள் கொஞ்சம் பேர். பத்து கம்பெனி வந்தால் பத்தும் படுத்துவிடும். உதிரிப் பாகங்களை இறக்கிப் பூட்டி விற்ற ஜெனரல் மோட்டார்ஸ்கூட 1954-ல் கடையைக் கட்டியது. இந்துஸ்தான், பிரீமியர், நம் சென்னை ஸ்டாண்டர்டு ஆகியவற்றுக்குத்தான் அரசு கைகொடுத்தது. ஆனால் பாருங்கள், அவர்கள் செய்ததெல்லாம் மோரிஸ், ஃபியட் என்று வெளிநாட்டு மாடல்கள். சொந்தமாகச் செய்தவருக்கு அந்த வரிசையில் இடமில்லை. இதை என்னால் ஜீரணிக்க முடியவில்லை.

1974 ஜனவரி 4-ல் நாயுடு காலமானார். 1983-ல் அரசே சுசுகியோடு கூட்டுச் சேர்ந்து மாருதி காரை விட்டது. 1993-ல் கார் தயாரிக்க உரிமமே வேண்டாம் என்றானது. 1996-ல் தமிழ்நாடு அரசு ஹூண்டாயோடு ஒப்பந்தம் போட்டு, நிலமும் வரிச்சலுகையும் தந்தது. 1998-ல் இருங்காட்டுக்கோட்டையில் கார் வெளிவந்தது.

இதையெல்லாம் ஷிப்ட் முடிந்து வந்த அண்ணனிடம் சொன்னேன். ரெண்டாயிரம் ரூபாய்க்கு இன்னிக்கு ஒரு ஹெட்லைட்டுகூட வராதே என்று சிரித்தான். சோற்றைப் பிசைந்தபடி கொஞ்ச நேரம் யோசித்தான். அப்போதே உரிமம் கொடுத்திருந்தால் கம்பெனி கோயமுத்தூரில்தானே இருந்திருக்கும், நான் அங்கேயில்ல போயிருக்கணும் என்றான்.