மலையாளத் திரையின் முதல் நாயகி பி.கே. ரோசி

திருவனந்தபுரம்: மலையாள சினிமாவின் முதல் கதாநாயகியான பி.கே. ரோசி நடித்தது ஒரே ஒரு படம். அதன் படச்சுருளும் இன்று இல்லை.

ராஜம்மா என்ற இயற்பெயர் கொண்ட அவர், புலையர் சமூகத்தின் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். தமிழும் மலையாளமும் கலந்த காக்காரிசி நாடகங்களில் நடித்துப் பழகியவர். பெண் வேடங்களையும் ஆண்களே ஏற்று வந்த காலம் அது.

அகஸ்தீஸ்வரத்தைச் சேர்ந்த ஜே.சி. டேனியல், சொந்த நிலத்தை விற்று 'விகதகுமாரன்' என்ற மௌனப் படத்தை இயக்கி, நாயகனாகவும் நடித்தார். ரோசிக்கு அதில் நாயர் குலப் பெண் வேடம்.

படம் வெளியான ஆண்டு 1928 என்றும் 1930 என்றும் இருவேறாகக் கூறப்படுகிறது. திருவனந்தபுரம் கேபிடல் அரங்கில் அது திரையிடப்பட்டபோது, தாழ்த்தப்பட்ட பெண் ஒருவர் நாயர் பெண்ணாகத் தோன்றியதை ஆதிக்க சாதியினரால் பொறுக்க இயலவில்லை. நாயகியின் கூந்தல் பூவை நாயகன் முத்தமிடும் காட்சியில் கூச்சல் வெடித்தது. திரையை நோக்கிக் கற்கள் பறந்தன. ஆத்திரம் அரங்கோடு அடங்கவில்லை. ரோசியின் வீடும் தீக்கிரையானது.

உயிர் பிழைக்க லாரி ஒன்றில் ஏறித் தப்பிய அவர், அதன் ஓட்டுநரான கேசவ பிள்ளையை மணந்து, நாகர்கோவிலில் ராஜம்மாளாக வாழ்ந்தார். நாயர் பெண்ணாக நடித்ததற்காக விரட்டப்பட்டவருக்கு வாழ்வளித்தவரும் ஒரு நாயரே என்பது விந்தை. அதன்பின் அவர் திரையில் தோன்றவேயில்லை.

கேரள அரசின் உயரிய திரைப்பட விருது டேனியல் பெயரில் 1992 முதல் வழங்கப்படுகிறது. ரோசியின் பெயரில் திரைப்படச் சங்கம் ஒன்று உருவானது 2019-இல்தான்.