எஃகு நகரைப் படம்பிடித்தவர்

வங்கத்து ஆவணப்பட முன்னோடி ஹரிசாதன் தாஸ்குப்தா (மறைவு 1996) அமெரிக்காவில் திரைக்கலை பயின்றவர். 1947இல் சத்யஜித் ராய் முதலியோருடன் கல்கத்தா திரைப்படக் கழகத்தைத் தோற்றுவித்தார். ராயின் திரைக்கதையில் தாகூரின் ‘கரே பைரே’ புதினத்தைப் படமாக்க உரிமை பெற்றார். அக்கனவு அன்று கைகூடவில்லை. பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் வங்கத்தில் ‘தி ரிவர்’ எடுத்தபோது அவருக்குத் துணைநின்றார்.

1950களில் அவர் படமாக்கிய பெருந்தொழில், 1912இல் முதல் எஃகை வார்த்த ஜாம்ஷெட்பூர் டாடா ஆலை. இசை ரவிசங்கருடையது. பொருள் ஈந்ததோ ஆலை நிறுவனம். ஈந்தவர் பெருமையினூடே உலைமுன் வெந்தவர் முகத்தையும் காட்டல் எளிதன்று. பரிசில் பெற்றுப் பாடிய சங்கப் புலவரும் தம் பாட்டில் பாணன் பசியை மறைத்தாரல்லர். அவ்வறமே ஆவணப்படத்திற்கும் உரைகல். கவிஞர்களாகிய நமக்கும் அதுவே.