மணமாகாதவர் எடுத்த திருமணப் படங்கள்

ஜப்பானியத் திரைப்பட இயக்குநர் யசுஜிரோ ஓஸு 1903 டிசம்பர் 12-இல் டோக்கியோவின் ஃபுககாவா பகுதியில் பிறந்தார்; 1963-இல் அதே டிசம்பர் 12 அன்று, அறுபது வயது நிறைந்த நாளில், புற்றுநோயால் மறைந்தார். தந்தை உர வணிகர். பிள்ளைகளைத் தாயுடன் மத்சுசாகா ஊருக்கு அனுப்பிவிட்டு, வணிகத்தின்பொருட்டுத் தந்தை டோக்கியோவில் தங்கிவிட்டார். ஆகவே ஓஸுவின் இளமை பெரும்பாலும் தந்தையின் அருகாமை இன்றியே கழிந்தது. பின்னாளில் தந்தையரை அத்தனை பரிவோடு அவர் படமாக்கியதை இதனோடு சேர்த்தே நான் பார்க்கிறேன்.

1923-இல் ஷோச்சிக்கு நிறுவனத்தில் ஒளிப்பதிவு உதவியாளராகச் சேர்ந்தார். பெருமந்தக் காலத்து வேலையின்மையும் மாதச் சம்பளக்காரரின் தாழ்வும் அவருடைய மௌனப் படங்களில் பதிவாகியுள்ள அளவுக்குப் பொருளாதாரப் பாடநூல்களில் பதிவாகவில்லை. இது அத்துறையில் ஆசிரியராக இருந்தவனின் ஒப்புதல். 1932-இல் வந்த 'பிறந்தேன், ஆனால்...' படத்தில், மேலாளர் முன் கோமாளித்தனம் செய்யும் தந்தையைக் கண்டு வெட்கிய இரு சிறுவர்கள் உண்ண மறுக்கிறார்கள். மறுநாள் பசி வெல்கிறது; தாய் பிடித்துத் தந்த சோற்றுருண்டைகளைத் தந்தையின் அருகமர்ந்து தின்கிறார்கள். தந்தை மாறவில்லை, மேலாளரும் மாறவில்லை.

1937-இல் படைக்கு அழைக்கப்பட்டுச் சீனாவில் ஏறத்தாழ இரண்டாண்டுகள் போரிட்டார். 1943-இல் இந்திய விடுதலைப் போராட்டம் குறித்துப் படமெடுக்கச் சிங்கப்பூருக்கு அனுப்பப்பட்டார், அப்படம் நிறைவேறவில்லை. 1946-இல் நாடு திரும்பினார். தாம் கண்ட போர்க்களத்தை அவர் திரையில் காட்டவே இல்லை. அந்த மௌனத்தைக் குறையென்போர் உண்டு. அதில் நியாயமும் உண்டு. ஆயினும் 'டோக்கியோ கதை' (1953) படத்தில், போரில் இறந்த மகனின் மனைவியே முதிய பெற்றோரைப் பெற்ற பிள்ளைகளைவிடக் கனிவாக உபசரிக்கிறாள்.

'பின்வசந்தம்', 'முன்வசந்தம்', 'பின் இலையுதிர்காலம்' எனப் படங்களுக்குப் பருவங்களையே பெயராக்கினார். பெரும்பாலும் மகளின் திருமணமும் அதன்பின் வீட்டில் எஞ்சும் தனிமையுமே கதை. பாயில் அமர்ந்தவரின் கண்மட்டத்துக்கும் கீழே ஒளிப்பதிவுக் கருவியை வைத்து, உண்பதையும் குடிப்பதையும் பொறுமையாகக் காட்டினார். அவரோ கடைசிவரை மணம் புரியவில்லை, தாயுடனேயே வாழ்ந்தார்.

1962-இல் இறுதிப் படத்துக்கான பணியில் இருந்தபோது தாய் இறந்தார். அப்படத்தின் ஜப்பானியப் பெயருக்குச் 'சன்மா மீனின் சுவை' என்று பொருள். சன்மா, இலையுதிர்காலத்தில் எளியோர் வீட்டிலும் கிடைக்கும் மீன். வியப்பு என்னவெனில், படத்தில் எங்கும் அந்த மீன் வருவதில்லை. மாறாக, நூடுல்ஸ் கடை நடத்திப் பிழைக்கும் வயது முதிர்ந்த ஆசிரியர் ஒருவர், பழைய மாணவர்கள் தரும் விருந்தில், 'ஹமோ' என்ற விலையுயர்ந்த மீனை உண்டு மகிழ்கிறார். தம் வசதிக்காக மணமுடிக்காமல் வைத்துக்கொண்ட மகள், அன்றிரவு போதையில் திரும்பும் அவரை வீட்டில் எதிர்கொள்கிறாள். ஓய்வுபெற்ற ஆசிரியனாகிய என்னால் அக்காட்சியை எளிதில் கடக்க முடிந்ததில்லை.

காமகுராவில் எங்காக்குஜி ஆலயத்து இடுகாட்டில் அவருடைய கல்லறை உள்ளது. பெயர் பொறிக்கப்படவில்லை, 'இன்மை' என்று பொருள்படும் ஓரெழுத்து மட்டும் இருக்கிறது. காணவரும் ரசிகர்கள் அதன்முன் மதுப்புட்டிகளை வைத்துவிட்டுச் செல்கிறார்கள்.