முதல் குரல்... டி.பி. ராஜலட்சுமி!

நம்ம லேபில் மைக் முன்னாடி நின்று இரண்டு வரி பேசச் சொன்னாலே நாக்கு உலர்ந்துபோகுது. தப்பு வந்தால் அழித்துவிட்டு மறுபடி பேசலாம். அப்படியும் பயம்தான்! 1931-ல் இருபது வயசுகூட நிறையாத ஒரு பெண், பாஷை தெரியாத பம்பாயில் மைக் முன் நின்று பேசினார், பாடினார். தமிழ் சினிமாவில் கேட்ட முதல் கதாநாயகியின் குரல் அதுதான்.

ராஜலட்சுமி பிறந்தது 1911-ல், திருவையாற்றில். பத்து வயசு ஆகும் முன்பே கல்யாணம் செய்து வைத்தார்கள். வரதட்சணைத் தகராறில் அந்தக் கல்யாணம் நிலைக்கவில்லை. அப்பாவும் இறந்துபோனார். (எங்க ஆயாவுக்கும் பதிமூணு வயசில்தான் கல்யாணம். அதனால் இந்தப் பகுதியை என்னால் சும்மா படித்துவிட்டுப் போக முடியவில்லை.) புகுந்த வீடு வேண்டாம் என்ற பெண் பிறந்த வீட்டில் மூலையில் உட்கார வேண்டும் என்பது அந்தக் கால வழக்கம். இவரோ திருச்சியில் சாமண்ணா நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். பிராமணக் குடும்பத்துப் பெண் மேடை ஏறுவதா என்று ஊர் என்னென்ன பேசியிருக்கும்! நாடகத்தில் பெயர் வாங்கி, பேசாத படங்களிலும் நடித்தார்.

அப்புறம் வந்தது 'காளிதாஸ்'. எச்.எம். ரெட்டி இயக்கம், பம்பாய் இம்பீரியல் கம்பெனி தயாரிப்பு. மெட்ராஸில் அப்போது பேசும் படம் எடுக்கும் ஸ்டுடியோ கிடையாது. ராஜலட்சுமிதான் இளவரசி. அவர் தமிழில் பேச, கதாநாயகன் தெலுங்கில் பதில் சொல்வாராம்! கதைக்குச் சம்பந்தமே இல்லாமல் குறத்தி டான்ஸ், காந்தியின் ராட்டினம் பற்றிய பாட்டு எல்லாம் உண்டு. 1931 அக்டோபர் 31-ல் மெட்ராஸ் கினிமா சென்ட்ரலில் ரிலீஸ். ஜனங்கள் அதையெல்லாம் கண்டுகொள்ளவில்லை. வெள்ளித்திரை தமிழ் பேசுகிறதே, அது போதும்!

இங்கே நம்ம டெக்னிக்கல் விஷயம் ஒன்று. அப்போது பின்னணிப் பாடல் கிடையாது. நடிக்கும்போதே பாட வேண்டும். வாத்தியக்காரர்கள் கேமராவுக்குத் தெரியாமல் மறைந்து உட்கார்ந்து வாசிப்பார்கள். குரல் மைக்கில் மின்சாரமாகி, மின்சாரம் ஒளியாகி, பிலிமின் ஓரத்தில் கோடாகப் பதியும். தியேட்டரில் போட்டோசெல் அந்தக் கோட்டை மறுபடி சத்தமாக்கும். நடுவில் ஒரு இருமல் வந்தால் அந்த ஷாட்டே போச்சு, பிலிம் செலவும் போச்சு. சுருதி, வசனம், முகபாவம், மைக்கின் தூரம்... எல்லாம் ஒரே மூச்சில். தமிழில் பின்னணி பாடும் முறை வந்தது 1938-ல், 'நந்தகுமார்' படத்தில். அதிலும் இவர் நடித்திருக்கிறார்.

1933-ல் கல்கத்தாவில் எடுத்த 'வள்ளி திருமணம்' நல்லா ஓடியது. சினிமா ராணி என்ற பட்டமும் வந்தது. அதோடு நின்றிருந்தால் பணத்தோடு சுகமாக இருந்திருக்கலாம். 1936-ல் 'மிஸ் கமலா' எடுத்தார். கதை, வசனம், இயக்கம், தயாரிப்பு, நடிப்பு எல்லாம் இவரே! தென்னிந்தியாவில் ஒரு பெண் இயக்கிய முதல் படம் இதுதான். கேமராமேனிடமும் லைட் பாய்களிடமும் ஒரு பெண் வேலை வாங்குவதை அந்த செட்டில் அதற்கு முன் யார் பார்த்திருப்பார்கள்? பிறகு 'மதுரை வீரன்' படத்தையும் இயக்கினார். தேசபக்தி நிறைந்த 'இந்தியத் தாய்' படத்தில் பிரிட்டிஷ் சென்சார் கை வைத்தது. கைப்பணம் கரைந்தது. புதிய நாயகிகள் வந்தார்கள், வாய்ப்புகள் குறைந்தன. 1961-ல் கலைமாமணி விருது கிடைத்தது. 1964-ல் காலமானார்.

'காளிதாஸ்' படத்தைப் பார்க்க ஆசைப்பட்டு விசாரித்தேன். பிரதியே இல்லையாம். 'மிஸ் கமலா'வும் இல்லை. அந்தக் கால பிலிம் சீக்கிரம் தீப்பிடிக்கும், வைத்தால் மக்கியும் போகும். பத்திரிகை விளம்பரமும் சில போட்டோக்களும் இருக்கின்றன. பிலிம் ஓரத்தில் கோடாகப் பதிந்த அந்தக் குரலை மட்டும் இனி எந்த மிஷினில் போட்டும் கேட்க முடியாது.